உபுண்டு 22.04-ல் பழைய மாடல்சிம் திறக்கவில்லை. லேபுக்கு எந்த சிமுலேட்டர் வைக்கலாம்?

பாலக்கோடு லேப்

வணக்கம். பாலக்கோடு பக்கம் ஒரு பொறியியல் கல்லூரியில் எலக்ட்ரானிக்ஸ் துறை ஆசிரியை நான். வெரிலாக் (டிஜிட்டல் சர்க்யூட்டை எழுத்தில் விவரிக்கும் மொழி) லேப் என் பொறுப்பு. பென்னாகரம், மாரண்டஹள்ளி, காரிமங்கலம் என்று நாலாபுறமிருந்தும் பஸ் ஏறி வரும் பிள்ளைகள். வீட்டில் கம்ப்யூட்டர் உள்ளவர்கள் குறைவு. தாங்கள் எழுதிய சர்க்யூட் எப்படி நடந்துகொள்கிறது என்று வேவ்ஃபார்மில் (சிக்னல்கள் நேரத்தோடு மாறுவதைக் காட்டும் அலைப் படம்) பார்க்க அவர்களுக்குக் கிடைப்பது லேப் நேரம் மட்டும்தான். அந்த நேரம் எரர் செய்தியைப் பார்த்துக்கொண்டு உட்காருவதில் போய்விடக் கூடாது. அதற்காகத்தான் இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

எங்களிடம் டெராசிக் டிஇ1 போர்டுகள் இருக்கின்றன. அவற்றில் சைக்ளோன் 2 சிப், நாம் எழுதும் சர்க்யூட்டை அதில் இறக்கி ஓட்டலாம். அப்படி இறக்கும் மென்பொருள் குவார்ட்டஸ்; அந்தச் சிப்பை ஆதரிக்கும் கடைசிப் பதிப்பு 13.0 எஸ்பி1. ஆகவே அதைத்தான் போட வேண்டும், அதோடு வரும் சிமுலேட்டரான (சர்க்யூட்டைக் கம்ப்யூட்டரிலேயே ஓட்டிப் பார்க்கும் புரோகிராம்) மாடல்சிம் ஆல்டெரா ஸ்டார்ட்டர் எடிஷனையும் போட்டேன்.

மெஷின்: பெங்களூர் எஸ்பி ரோட்டில் செகண்ட்ஹேண்டாக வாங்கிய எச்பி ஒர்க்ஸ்டேஷன், ஜியான் பிராசஸர், 32 ஜிபி ராம். புதிதாக உபுண்டு 22.04 ஏற்றியிருக்கிறேன். லேபில் உள்ள மற்ற கம்ப்யூட்டர்கள் எல்லாம் பழசு, 4 ஜிபி ராம். ஒர்க்ஸ்டேஷனில் எது சரியாக ஓடுகிறதோ அதையே அவற்றிலும் லினக்ஸ் போட்டு வைக்கலாம் என்று திட்டம்.

குவார்ட்டஸ் திறக்கிறது. மாடல்சிம் திறக்கவில்லை. டெர்மினலில் அதைத் திறக்கும் கட்டளையான விசிம் என்று கொடுத்தால், லினக்ஸ்_ஆர்எச்60 என்ற ஃபோல்டருக்குள் விசிம்மைத் தேடி, இல்லை என்கிறது. அப்படியொரு ஃபோல்டரே இன்ஸ்டாலர் போடவில்லை. லினக்ஸ் என்று ஒன்று இருக்கிறது. அந்தப் பெயருக்கு ஒரு சிம்லிங்க் (வேறு பெயரில் ஒரு குறுக்குவழி) கொடுத்தேன். இப்போது வேறு எரர்: "நோ சச் ஃபைல் ஆர் டைரக்டரி". ஃபைல் கண் முன்னால் இருக்கிறது, எல்எஸ் போட்டால் தெரிகிறது, எக்ஸிக்யூட் பர்மிஷனும் இருக்கிறது.

இணையத்தில் தேடினால் நீளமான பேக்கேஜ் பட்டியல் ஒன்றை எல்லோரும் ஒட்டுகிறார்கள். அதில் பாதி 22.04-ல் இல்லவே இல்லை. காரணம் தெரியாமல் எதையும் ஏற்ற எனக்கு மனமில்லை. உள்ள நல்ல மெஷின் இது ஒன்றுதான்.

இரண்டு கேள்விகள். இந்த எரர்களுக்கு உண்மையான காரணம் என்ன? மாடல்சிம்தான் வேண்டும் என்றில்லாமல் வேறு எதையாவது வைத்து லேப் நடத்த முடியுமா? செய்முறைத் தேர்வில் வேவ்ஃபார்மைத் திரையில் காட்ட வேண்டும், பிரிண்ட் எடுத்து ரெக்கார்டில் ஒட்ட வேண்டும். கல்லூரி இன்டர்நெட் வேகம் குறைவு.

ஓசூர் டெஸ்ட்பெஞ்ச்

வணக்கம் மேடம். விஎல்எஸ்ஐ வெரிஃபிகேஷன் வேலையில் இருக்கிறேன், வீடு ஓசூர். காரணம் கேட்டிருக்கிறீர்கள், அதிலிருந்தே ஆரம்பிக்கிறேன்.

நீங்கள் பார்த்தது ஒன்றோடொன்று சம்பந்தமில்லாத இரண்டு எரர்கள். முதலாவது: பின் ஃபோல்டரில் உள்ள விசிம் உண்மையான புரோகிராம் கிடையாது. விசிஓ என்ற ஷெல் ஸ்கிரிப்டுக்குப் போகும் லிங்க் அது. அந்த ஸ்கிரிப்ட் உங்கள் கெர்னலின் (லினக்ஸின் மையப்பகுதி) பதிப்பு எண்ணைப் பார்த்து எந்த ஃபோல்டருக்குள் போக வேண்டும் என்று முடிவு செய்கிறது. எழுதப்பட்ட காலத்துக் கெர்னல் எண்கள் மட்டும்தான் அதற்குத் தெரியும். உங்கள் 22.04-ல் இருப்பது 5.15 அல்லது அதற்கும் புதியது. தெரியாத எண் வந்தால் ஆர்எச்60 பக்கம் போய்விடுகிறது. நீங்கள் கொடுத்த சிம்லிங்க் போதும். ஸ்கிரிப்டைத் திறந்து, கடைசியில் அந்தப் பெயர் வரும் வரியில் வெறும் லினக்ஸ் என்று மாற்றினாலும் சரி.

இரண்டாவதுதான் எல்லோரையும் குழப்புவது. ஃபைல் கட்டளையை அந்த விசிம் மேல் ஓட்டிப் பாருங்கள், 32 பிட் என்று வரும். லினக்ஸில் ஒவ்வொரு டைனமிக் புரோகிராமும் தன்னை ஏற்றிவிட ஒரு லோடரைப் பெயர் சொல்லிக் கேட்கும். இது 32 பிட் லோடரைக் கேட்கிறது. 64 பிட் மட்டும் உள்ள புது உபுண்டுவில் அது இருக்காது. கெர்னல் "அந்த ஃபைல் இல்லை" என்று சொல்வது லோடரை. ஷெல் அதை விசிம்மின் பெயரைப் போட்டுக் காட்டுகிறது. அதனால்தான் இருக்கும் ஃபைலை இல்லை என்று சொல்வது மாதிரி தெரிகிறது.

என்ன செய்ய வேண்டும்: டிபிகேஜியில் (பேக்கேஜ்களை ஏற்றும் கட்டளை) ஐ386 என்ற 32 பிட் ஆர்க்கிடெக்சரைச் சேர்த்து, ஆப்ட் அப்டேட் கொடுத்து, அந்த லோடர் உள்ள லிப்சி6-ன் ஐ386 பேக்கேஜை மட்டும் முதலில் போடுங்கள். பட்டியல் எதையும் ஒட்ட வேண்டாம். லோடர் வந்த பிறகு எல்டிடி கட்டளையை விசிம் மேல் ஓட்டினால், எந்தெந்த லைப்ரரி "நாட் ஃபவுண்ட்" என்று அதுவே சொல்லும். அனேகமாக லிப்எக்ஸ்எக்ஸ்ட்6, லிப்எக்ஸ்எஃப்டி2, லிப்என்கர்சஸ்5 வரும். அவற்றின் ஐ386 பேக்கேஜ்களை மட்டும் போட்டால் போதும். பழைய பட்டியல்களில் இருக்கும் ஐஏ32-லிப்ஸ் உபுண்டுவிலிருந்து 2013-லேயே போய்விட்டது, அதைத் தேடாதீர்கள். இன்னொரு விஷயம்: உபுண்டு 24.04-ல் லிப்என்கர்சஸ்5-ம் இல்லை. இப்போதைக்கு 22.04-லிருந்து மாறாதீர்கள்.

இதெல்லாம் முடிந்தாலும் மூன்றாவதாக ஒன்று வரும். விண்டோ திறக்கும்போது "இனிஷியலைசேஷன் ப்ராப்ளம், எக்ஸிட்டிங்" என்று நின்றுவிடும். புதிய ஃப்ரீடைப் லைப்ரரியோடு பழைய மாடல்சிம் ஒத்துப்போகாது. ஃப்ரீடைப் 2.4.12-ஐ 32 பிட்டில் கம்பைல் செய்து, மாடல்சிம்முக்கென்று தனி ஃபோல்டரில் வைத்து, விசிஓ ஸ்கிரிப்டுக்குள் மட்டும் லைப்ரரி பாதையைக் கொடுக்க வேண்டும். சிஸ்டம் முழுக்கக் கொடுத்தால் மற்ற புரோகிராம்களும் அந்தப் பழசை எடுத்துக்கொண்டு மக்கர் செய்யும்.

முடியாத காரியம் இல்லை மேடம், பலபேர் செய்திருக்கிறார்கள். ஆனால் உங்கள் இரண்டாவது கேள்வி முதல் கேள்வியைவிட முக்கியமானது. சிமுலேஷனுக்கும் அந்த போர்டுக்கும் என்ன சம்பந்தம்? சைக்ளோன் 2 உங்களைக் கட்டிப்போடுவது சிந்தசிஸுக்கும் (வெரிலாக்கைச் சிப்புக்கான சர்க்யூட்டாக மாற்றுவது) புரோகிராமிங்குக்கும் (அதைச் சிப்பில் இறக்குவது) மட்டும்தான். அதற்குக் குவார்ட்டஸ் 13 இருக்கட்டும். பிள்ளைகள் எழுதும் வெரிலாக் ஐஈஈஈ 1364 தரப்படி எழுதப்பட்ட மொழி. அதை எந்த சிமுலேட்டரிலும் ஓட்டலாம். போர்டு பழசு என்பதற்காக சிமுலேட்டரையும் பழசாக வைத்திருக்கத் தேவையில்லை.

லேபுக்கு ஐகாரஸ் வெரிலாக் என்ற சிமுலேட்டரும், அலையைக் காட்டும் ஜிடிகேவேவும் போடுங்கள். இரண்டும் உபுண்டு களஞ்சியத்திலேயே இருக்கின்றன; 22.04-ல் ஐகாரஸின் 11-ம் பதிப்பு வரும். லைசென்ஸ் கிடையாது, மிகச் சிறிய டவுன்லோடு, 4 ஜிபி ராமில் தாராளமாக ஓடும். ஐவெரிலாக் கம்பைல் செய்யும், விவிபி ஓட்டும், ஜிடிகேவேவ் படம் காட்டும். டிசைனில் சிப் தயாரிப்பாளரான ஆல்டெராவின் ரெடிமேட் பிளாக் ஏதாவது சேர்த்திருந்தால், குவார்ட்டஸின் ஈடிஏ ஃபோல்டருக்குள் சிம்_லிப் என்று இருக்கும். அங்கே உள்ள ஆல்டெரா_எம்எஃப், 220மாடல் என்ற வெரிலாக் ஃபைல்களைக் கூடவே கம்பைல் செய்துகொள்ளலாம். கேட் அளவில் டிலேயோடு டைமிங் சிமுலேஷன் செய்வதற்கு மட்டும் ஐகாரஸை நம்ப வேண்டாம். மூன்றாம் ஆண்டு லேபில் அது வராது என்று நினைக்கிறேன்.

யாராவது வெரிலேட்டர் என்ற இன்னொரு சிமுலேட்டரைச் சொல்வார்கள். அருமையான கருவி. வெரிலாக்கை சி++ ஆக மாற்றி ஓட்டுவதால் வேகம் அதிகம், பெரிய பிராசஸர் டிசைன்களுக்கு நானே அதைத்தான் எடுப்பேன். ஆனால் அது அடிப்படையில் 0, 1 என்ற இரண்டு நிலையில் கணக்குப் போடுவது. ரீசெட் கொடுக்காத கவுண்டர் ஐகாரஸில் எக்ஸ் (மதிப்பு தெரியவில்லை என்று பொருள்) என்று நிற்கும், ஜிடிகேவேவில் சிவப்பாகத் தெரியும். அந்தச் சிவப்பைப் பார்த்து "ஏன் சார் இது இப்படி இருக்கிறது" என்று ஒரு மாணவன் கேட்பதுதான் பாடம். வெரிலேட்டரில் அது ஏதோ ஒரு எண்ணாகப் போய்விடும். கற்றுக்கொடுக்கும் இடத்தில் எனக்கு எக்ஸ் வேண்டும்.

பாலக்கோடு லேப்

ரொம்ப நன்றி சார். நீங்கள் சொன்ன வரிசையிலேயே நடந்தது. லிப்சி6 போட்டதும் அந்த "நோ சச் ஃபைல்" போய்விட்டது, எல்டிடி எக்ஸ்எஃப்டி2-ஐக் கேட்டது, அதைப் போட்டதும் இனிஷியலைசேஷன் எரர். அங்கேயே விட்டுவிட்டு ஐகாரஸுக்கு வந்துவிட்டேன். நிமிடத்தில் இன்ஸ்டால் ஆனது.

இப்போது வேறு சந்தேகங்கள். நாங்கள் வருடக்கணக்காக வைத்திருக்கும் 4 பிட் கவுண்டர் டெஸ்ட்பெஞ்சை (சர்க்யூட்டுக்கு உள்ளீடு கொடுத்துச் சோதிக்கும் ஃபைல்) விவிபியில் ஓட்டினால் முடியவே மாட்டேன் என்கிறது. கன்ட்ரோல் சி கொடுத்துத்தான் நிறுத்த வேண்டியிருக்கிறது. மாடல்சிம்மில் இதே ஃபைல் நன்றாக ஓடியது. அப்புறம், எங்கள் லேப் மேனுவலில் சில பயிற்சிகள் விஎச்டிஎல் என்ற, வெரிலாக் போன்ற இன்னொரு மொழியில் இருக்கின்றன. அவற்றை ஐகாரஸ் எடுக்குமா?

பர்கூர் பழைய மாணவன்

பர்கூர் அரசு பொறியியல் கல்லூரியில் படித்தவன், இப்போது பெங்களூரில் வேலை. மேடம், ஓசூர் அண்ணன் சொன்ன எதையும் மறுக்கவில்லை. ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். நம் பக்கத்துப் பிள்ளைகள் இன்டர்வியூவுக்குப் போனால் கேட்கும் முதல் கேள்விகளில் ஒன்று "எந்த டூலில் சிமுலேட் செய்தாய்". நல்ல கம்பெனி அதற்காக ஆளை ஒதுக்காது என்பது எனக்கும் தெரியும். ஆனாலும் மாடல்சிம்மின் விலிப், விலாக், விசிம் என்ற மூன்று கட்டளைகளையும் கையால் ஒருமுறை அடித்த பிள்ளைக்கு அந்தக் கேள்வியில் தயக்கம் இருக்காது. அந்தத் தைரியம் அவர்களுக்கு வேண்டும்.

அதற்குப் பழைய மாடல்சிம்மோடு மல்லுக்கட்ட வேண்டியதில்லை. குவார்ட்டஸ் 21.1 முதல் மாடல்சிம் ஸ்டார்ட்டருக்குப் பதில் குவெஸ்டா ஸ்டார்ட்டர் எடிஷன் வருகிறது. அது 64 பிட், ஐ386 தொல்லை எதுவும் இல்லை. புதுக் குவார்ட்டஸ் உங்கள் போர்டை ஆதரிக்காது, ஆனால் குவெஸ்டாவின் இன்ஸ்டாலரைத் தனியாக டவுன்லோடு செய்து அதை மட்டும் போடலாம். உங்கள் ஒர்க்ஸ்டேஷனுக்கு இது சரியாக இருக்கும்.

லைசென்ஸ் இலவசம், ஆனால் எடுக்க வேண்டும். குவார்ட்டஸைத் தரும் நிறுவனத்தின் லைசென்ஸ் தளத்தில் கணக்குத் தொடங்கி, மெஷினின் மேக் முகவரியைக் கொடுத்தால் ஒரு லைசென்ஸ் ஃபைல் தருவார்கள். அதை வைத்திருக்கும் இடத்தை எல்எம்_லைசென்ஸ்_ஃபைல் என்ற என்விரான்மென்ட் வேரியபிளில் கொடுக்க வேண்டும். பாஷ்ஆர்சியில் எழுதி வைத்துவிடுங்கள். ஒரு வருடம் செல்லும், பிறகு இலவசமாகவே புதுப்பிக்கலாம். மேக் முகவரியை மதர்போர்டில் உள்ள லேன் கார்டிலிருந்து எடுங்கள். யூஎஸ்பி வைஃபை டாங்கிளின் முகவரியைக் கொடுத்தால், யாராவது டாங்கிளைக் கழற்றிக்கொண்டு போன அன்று குவெஸ்டா திறக்காது. புதுப்பிக்கும் தேதி செய்முறைத் தேர்வுக்குப் பக்கத்தில் வராத மாதிரி எடுப்பதும் நல்லது.

ஓசூர் டெஸ்ட்பெஞ்ச்

தம்பி சொல்வது நியாயம்தான். ஒர்க்ஸ்டேஷனில் குவெஸ்டா, மற்றவற்றில் ஐகாரஸ் என்றால் இரண்டும் கிடைத்த மாதிரி. லேபின் எல்லா மெஷினுக்கும் வருடா வருடம் லைசென்ஸ் எடுப்பது மட்டும் வேண்டாம். அந்தப் பாரம் ஆசிரியர் தலையில்தான் விழும், அவர் மாறிப் போனால் லேபே நின்றுவிடும்.

மேடம், உங்கள் டெஸ்ட்பெஞ்ச் விஷயம். மாடல்சிம்மில் "ரன் 100 என்எஸ்" என்று நீங்களே நேரம் கொடுத்து ஓட்டுவீர்கள். அதனால் ஃபைலுக்குள் முடிவு எழுதாமலே பழகியிருக்கும். கிளாக்கை ஃபார்எவர் அல்லது ஆல்வேஸில் மாற்றிக்கொண்டே இருந்தால், ஐகாரஸுக்கு நிறுத்தச் சொல்ல ஆளில்லை. இனிஷியல் பிளாக்கில் தேவையான நேரம் கழித்து $ஃபினிஷ் என்று எழுதுங்கள். அதே பிளாக்கின் தொடக்கத்தில் $டம்ப்ஃபைல், $டம்ப்வார்ஸ் இரண்டையும் எழுதினால்தான் ஜிடிகேவேவுக்கு அலைகள் பதிவான விசிடி ஃபைல் கிடைக்கும். இந்த மூன்று வரிகளையும் மேனுவலில் உள்ள எல்லா டெஸ்ட்பெஞ்சிலும் சேர்த்துவிடுங்கள். குவெஸ்டாவிலும் அவை அப்படியே ஓடும். விசிடி பெரிதானால் விவிபி கட்டளையின் கடைசியில் எஃப்எஸ்டி விருப்பத்தைக் கொடுங்கள். அதே அலை மிகச் சிறிய ஃபைலாக வரும், பழைய ஹார்ட் டிஸ்க் உள்ள மெஷின்களுக்கு நல்லது.

பிள்ளைகள் லாஜிக், ஆல்வேஸ்_எஃப்எஃப் என்று சிஸ்டம் வெரிலாக் (வெரிலாக்கின் விரிவான வடிவம்) எழுதினால் ஐவெரிலாக்குக்கு ஜி2012 விருப்பம் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் சின்டாக்ஸ் எரர் வரும், பாவம், தாங்கள் எழுதியது தப்பென்று நினைத்துக்கொள்வார்கள்.

விஎச்டிஎல்-லை ஐகாரஸில் ஓட்டாதீர்கள், அதற்கு ஜிஎச்டிஎல் என்ற சிமுலேட்டர். அதுவும் களஞ்சியத்தில் இருக்கிறது. அனலைஸ், எலாபரேட், ரன் என்று மூன்று படி. ரன் செய்யும்போது விசிடி கேட்டு வாங்கலாம், அல்லது ஜிஎச்டபிள்யூ என்ற அதன் சொந்த வடிவத்தில் வாங்கலாம். ஜிடிகேவேவ் இரண்டையும் திறக்கும். ஸ்டேட் மெஷின் பயிற்சிக்கு ஜிஎச்டபிள்யூவை எடுங்கள், ஐடில், ரெட், கிரீன் என்று நிலைகளின் பெயரே அலையில் வரும். வெரிலாக்கும் விஎச்டிஎல்-லும் கலந்த டிசைனை இந்த இரண்டும் சேர்ந்து ஓட்டாது, அதற்கு உங்கள் ஒர்க்ஸ்டேஷனில் உள்ள குவெஸ்டாவைப் பாருங்கள்.

கிருஷ்ணகிரி பாலிடெக்னிக்

லேப் டெக்னீசியன் நான். இன்டர்நெட் வேகம் குறைவு என்று எழுதியிருந்தீர்கள், அதற்கு மட்டும் பதில். எல்லா மெஷினிலும் தனித்தனியாக டவுன்லோடு செய்யாதீர்கள் மேடம். ஒரு மெஷினில் புதிதாக உபுண்டு போட்டதும், வேறு எதையும் ஏற்றாமல், ஆப்ட்-கெட்டில் டவுன்லோட்-ஒன்லி விருப்பத்தோடு ஐவெரிலாக், ஜிடிகேவேவ், ஜிஎச்டிஎல் மூன்றையும் கேளுங்கள். டிபெண்டன்சியோடு எல்லா டெப் ஃபைல்களும் வார் ஃபோல்டருக்குள் கேஷ், ஆப்ட், ஆர்க்கைவ்ஸ் என்ற இடத்தில் வந்து உட்காரும். பென்டிரைவில் எடுத்துப் போய் மற்ற மெஷின்களில் டிபிகேஜி கொடுத்தால் முடிந்தது. ஆப்ட்-கெட் என்றே கொடுங்கள். வெறும் ஆப்ட் போட்டு இன்ஸ்டால் செய்தால், வேலை முடிந்ததும் டெப் ஃபைல்களை அழித்துவிடும். எல்லா மெஷினிலும் ஒரே உபுண்டு பதிப்பு இருக்க வேண்டும் என்பதுதான் நிபந்தனை. 4 ஜிபி ராமுக்கு வழக்கமான உபுண்டுவைவிட லுபுண்டு நல்லது, களஞ்சியம் அதேதான்.

குவெஸ்டா இன்ஸ்டாலர் மாதிரிப் பெரிய ஃபைல்களை வேகமான இணைப்பு உள்ள இடத்தில் இறக்கி எடுத்து வாருங்கள். பென்டிரைவ் ஃபேட்32-வில் இருந்தால் 4 ஜிபிக்கு மேல் உள்ள ஃபைல் ஏறாது, முதலிலேயே எக்ஸ்ஃபேட்டுக்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

பாலக்கோடு லேப்

எல்லோருக்கும் நன்றி. லுபுண்டு போட்டு, பென்டிரைவிலிருந்து டெப் ஃபைல்களை ஏற்றி, லேபில் ஒரு வரிசை தயாராகிவிட்டது. கவுண்டர் டெஸ்ட்பெஞ்ச் ஓடி ஒழுங்காக முடிகிறது. ரீசெட்டை எடுத்துவிட்டு ஒருமுறை ஓட்டிப் பார்த்தேன், எக்ஸ் சிவப்பாக நின்றது. இதை முதல் வகுப்பிலேயே காட்டப்போகிறேன், ஃபிளிப்-ஃபிளாப் பயிற்சிக்குக் கூடக் காத்திருக்க மாட்டேன். ஒர்க்ஸ்டேஷனில் குவெஸ்டாவுக்கான லைசென்ஸை லேன் கார்டு முகவரி கொடுத்து எடுத்துவிட்டேன். மாடல்சிம்மை நீக்கியாயிற்று.

ஜிடிகேவேவில் பிரிண்ட் டு ஃபைல் கொடுத்தால் பிடிஎஃப் வருகிறது. கருப்புப் பின்னணி இல்லாமல் வெள்ளையில் வருவதால் ரெக்கார்டில் ஒட்ட வசதியாக இருக்கும்.

மீதி இருப்பது ஒன்று. குவார்ட்டஸிலிருந்து போர்டில் இறக்கும்போது யூஎஸ்பி பிளாஸ்டர் (கம்ப்யூட்டரிலிருந்து போர்டுக்கு இறக்கும் யூஎஸ்பி இணைப்பு) கிடைக்கவில்லை என்கிறது. எல்எஸ்யூஎஸ்பி போட்டால் பட்டியலில் இருக்கிறது. சூடோவோடு (நிர்வாகி அதிகாரத்தோடு) குவார்ட்டஸைத் திறந்தால் வேலை செய்கிறது. பிள்ளைகளுக்கு சூடோ கொடுக்க நான் தயாரில்லை.

ஓசூர் டெஸ்ட்பெஞ்ச்

கொடுக்காதீர்கள், தேவையும் இல்லை. சாதாரண யூசருக்கு அந்த யூஎஸ்பி சாதனத்தில் எழுத அனுமதி இல்லை, அவ்வளவுதான். சாதனங்களுக்கான அனுமதியைக் கவனிக்கும் யுடெவ்வின் ரூல்ஸ் ஃபோல்டரில் 51-யூஎஸ்பிபிளாஸ்டர் என்ற பெயரில் ஒரு ரூல் ஃபைல் எழுதுங்கள். வெண்டர் ஐடி 09எஃப்பி, பிராடக்ட் ஐடி 6001, மோட் 0666. எல்எஸ்யூஎஸ்பியில் வரும் எண்களோடு ஒருமுறை ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். பிறகு யுடெவ்ஆட்ம் கட்டளையில் ரூல்களை ரீலோடு செய்யுங்கள். சூடோவில் திறந்தபோது ஆரம்பித்த ஜேடேக்டி (போர்டோடு பேசும் புரோகிராம்) பின்னணியில் ரூட்டாகவே ஓடிக்கொண்டிருக்கும், அதையும் கில் செய்துவிட்டு, கேபிளைக் கழற்றி மறுபடி செருகுங்கள். சாதாரண யூசராக ஜேடேக்கான்ஃபிக் ஓட்டினால் யூஎஸ்பி பிளாஸ்டரும் அதன் கீழே போர்டின் சிப்பும் தெரிய வேண்டும். தெரியாவிட்டால் அதன் அவுட்புட்டை அப்படியே இங்கே போடுங்கள், பார்க்கிறேன்.